'ஏன்?' என்று கேட்ட சாட்சி

"ஏன்?" ஈரெழுத்துச் சொல். குழந்தை பேசக் கற்றதும் கேட்கும் சொல் அது. கொடுங்கோலன் அரியணை ஏறியதும் தடுக்கும் சொல்லும் அதுவே. அந்தச் சொல்லுக்கு இடமே இல்லை என்று அறிவிக்கப்பட்ட ஊரொன்று இருந்தது. காட்டுமிராண்டிக் காலத்தில் அன்று. இருபதாம் நூற்றாண்டில், கலைக்கும் அறிவியலுக்கும் தாயகம் என்று பெயர் பெற்ற ஐரோப்பாவின் நடுவில். அவ்வூரின் பெயர் ஆஷ்விட்ஸ்.

1944 பிப்ரவரியின் கடைசி நாட்கள். அடைபட்ட சரக்கு வண்டியில் நான்கு நாட்கள், நாவறண்டு வந்து இறங்கினார் ஓர் இத்தாலிய இளைஞர். சன்னலுக்கு வெளியே தொங்கிய பனிக்கட்டியை ஒடித்து வாயில் வைக்க எடுத்தார். காவலன் ஓடிவந்து பிடுங்கி எறிந்தான். "ஏன்?" என்று கேட்டார் இளைஞர். இங்கே 'ஏன்' என்பதே கிடையாது என்ற பொருளில் விடை வந்தது. இளைஞரின் பெயர் பிரிமோ லெவி. வயது இருபத்து நான்கு. தொழில் வேதியியல்.

அந்த முகாமிலிருந்து உயிரோடு மீண்ட லெவி, பின்னர் வாழ்ந்த நாற்பத்திரண்டு ஆண்டுகளையும் அந்த ஒரு கேள்வியைக் கேட்பதிலேயே செலவிட்டார் என்று கூறினால் மிகையாகாது. நூலாக எழுதிக் கேட்டார். பள்ளிப் பிள்ளைகளின் நடுவே நின்று கேட்டார். கொன்றவரின் நாட்டாரிடம் மடல் வழியே கேட்டார். அந்தச் சாட்சியத்தை இலக்கியம் என்ற அளவுகோலாலும், பகுத்தறிவு என்ற உரைகல்லாலும் ஆய்ந்து பார்க்க முற்படுகிறோம். இரங்கற்பா பாடுவதற்காக அல்ல. சாட்சி என்பவன் யார், அவன் கடமை எது, அவன் சொல்லைக் கேட்கும் நம் கடமை எது என்பதைத் தெளிவதற்காகவே.

காகிதத்தில் தொடங்கியது

1919 ஜூலை 31-இல் இத்தாலி நாட்டு டூரின் நகரில் பிறந்தவர் லெவி. யூதக் குடும்பம். 1938-இல் முசோலினியின் அரசு இனச் சட்டங்களைப் பிறப்பித்தது. யூத மாணவர் இனிப் பல்கலைக்கழகத்தில் சேரக் கூடாது. முன்பே சேர்ந்தவர் வேண்டுமானால் படித்து முடிக்கலாம். அந்தச் சந்து வழியே நுழைந்து 1941-இல் வேதியியலில் உயர் சிறப்போடு பட்டம் பெற்றார் லெவி. பட்டத்தாளில் ஒரு குறிப்பு இருந்தது: யூத இனத்தவர் என்று. அறிவுக்குத் தந்த தாளில் பிறப்புக்கு ஒரு முத்திரை! பிறப்பைக் கொண்டு மனிதனை அளக்கும் கொடுமை காகிதத்தில்தான் தொடங்குகிறது. அது முடிந்த இடம் எது? லெவியின் இடக்கையில் பச்சை குத்தப்பட்ட எண்: 174517.

1943-இல் பாசிசத்தை எதிர்த்து மலைநாட்டில் மறைந்து போராட முனைந்த சிறு குழு ஒன்றில் சேர்ந்தார். பயிற்சியும் இல்லை, படைக்கலமும் போதவில்லை. அவ்வாண்டு டிசம்பர் 13-இல் பிடிபட்டார். ஃபோசோலி என்ற இடத்து முகாமில் அடைக்கப்பட்டு, 1944 பிப்ரவரி 22-இல் வண்டியேற்றப்பட்டார். அந்த வண்டியில் சென்றோர் 650 பேர். இறங்கிய சில நிமிடங்களில், உழைக்கத் தகுந்தோர் எனப் பிரிக்கப்பட்டோர் 96 ஆண்கள், 29 பெண்கள். மற்ற ஐந்நூற்றுக்கும் மேற்பட்டோர் இரண்டு நாட்களுக்குள் உயிரோடு இல்லை. கிழவரும் உண்டு அவர்களிலே, கைக்குழந்தையும் உண்டு. ஆஷ்விட்ஸில் மாண்டோர் தொகை ஏறத்தாழ 11 லட்சம். ஐரோப்பா முழுதும் நாஜிகள் அழித்த யூதர் தொகை ஏறத்தாழ 60 லட்சம்.

லெவி அனுப்பப்பட்டது மோனோவிட்ஸ் என்னும் கிளை முகாமுக்கு. ஐ.ஜி. ஃபார்பன் என்ற பெரும் வேதிப்பொருள் நிறுவனம் செயற்கை ரப்பர் செய்ய எழுப்பிய தொழிற்சாலை அங்கே இருந்தது. ஆயிரமாயிரம் அடிமைகளின் எலும்பை நொறுக்கிக் கட்டிய அந்த ஆலையிலிருந்து செயற்கை ரப்பர் ஒரு துண்டுகூட வெளிவரவில்லை! 1945 சனவரியில், செஞ்சேனை நெருங்கியதும், நடக்கக் கூடியவர்களை நாஜிகள் பனியில் நடத்திச் சென்றனர். சென்றவரில் பலர் வழியிலேயே மாண்டனர். செங்காய்ச்சலால் படுத்திருந்த லெவி பின்னால் விடப்பட்டார், பிழைத்தார். சனவரி 27-இல் செஞ்சேனை வந்தது. பல நாடுகளைச் சுற்றி, அக்டோபர் 19-இல் பிறந்த வீட்டுக்கே திரும்பினார்.

கேளாச் செவி

முகாமில் உறங்கியோர் பலருக்கும் ஒரே கனவு வந்ததாம். வீடு திரும்பி, பட்ட பாட்டையெல்லாம் சொல்கிறார்கள். கேட்பவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு எழுந்து போகிறார்கள். பசியைவிடக் கொடிய கனவு இது. அந்தக் கனவு பலித்தது என்பதுதான் கொடுமையிலும் கொடுமை.

லெவியின் முதல் சாட்சியம் கதையன்று, கவிதையன்று, ஓர் அறிக்கை. உடனிருந்து மீண்ட மருத்துவர் லியொனார்தோ தெ பெனதெத்தியுடன் சேர்ந்து, சோவியத் அதிகாரிகள் கேட்டுக்கொண்டதற்கிணங்க, மோனோவிட்ஸ் முகாமின் சுகாதார நிலைபற்றி எழுதியது. 1946-இல் இத்தாலிய மருத்துவ இதழொன்றில் அது வெளிவந்தது. நோய்கள் எவை, உணவின் அளவு என்ன, மருத்துவமனை எனப்பட்டது எப்படி இயங்கியது என்று வரிசைப்படுத்துகிறது அவ்வறிக்கை. அதே கையால் எழுதப்பட்டதுதான் 'இவனும் மனிதனா' என்று நாம் பெயர்த்துச் சொல்லத்தக்க முதல் நூல். எயினவுதி என்ற பெரும் பதிப்பகம் அதனை மறுத்தது. 1947-இல் சிறு பதிப்பகம் ஒன்று 2,500 படிகள் அச்சிட்டது. எல்லாம் விற்கவில்லை. போர் முடிந்தது, புண்ணைக் கிளறாதே என்ற மனநிலையில் இருந்தது நாடு. லெவி வண்ணப்பூச்சுத் தொழிற்சாலையில் வேதியியலாளராக வேலைக்குச் சென்றார். பதினொரு ஆண்டு கழித்து, 1958-இல், மறுத்த அதே பதிப்பகம் அந்நூலை மீண்டும் வெளியிட்டது. அதன் பின்னரே உலகம் காது கொடுத்தது.

சாட்சி சொல்ல ஒருவர் இருந்தால் போதாது. கேட்க ஒரு நாடு வேண்டும். குரல் இல்லாததால் மறைந்த உண்மைகளைவிட, செவி இல்லாததால் மறைந்த உண்மைகளே மிகுதி என்போம்.

தீயும் விளக்கும்

இனி நடைக்கு வருவோம். இத்தகைய கொடுமையைக் கண்டவன் எழுத்து அனலாகக் கொதிக்க வேண்டாமா, கண்ணீராகப் பெருக வேண்டாமா என்று கேட்பவர் உண்டு. லெவியின் நடை கொதிக்கவில்லை, பெருகவும் இல்லை. ஆய்வுக்கூடத்தில் எடைபோடுபவன் கை எப்படி நடுங்காதோ அப்படி அவர் சொல்லும் நடுங்குவதில்லை. ரொட்டித் துண்டின் அளவு, மரக்காலணி பாதத்தைப் புண்ணாக்கும் விதம், கூழ் வாங்கும் வரிசையில் எந்த இடத்தில் நின்றால் அடியில் தங்கிய கிழங்கு கிடைக்கும் என்ற கணக்கு: இவற்றைச் சொல்லிக்கொண்டே போகிறார். படிக்கும் நமக்குத்தான் நடுக்கம் பிறக்கிறது.

நீதி கேட்டுச் சென்ற கண்ணகியை நாம் அறிவோம். சிலம்பைச் சான்றாக வைத்து வழக்குரைத்தாள், வென்றாள், வென்ற பின்னும் சினம் ஆறாது மதுரைக்குத் தீ வைத்தாள். லெவியும் சான்றோடு அவைக்கு வந்தவர்தாம். ஆனால் வழக்குரைப்பதோடு நின்றார். தீர்ப்பை அவையோரிடம், அதாவது படிப்பவரிடம், விட்டார். பாதிக்கப்பட்டவன் ஓலமும் வேண்டாம், பழிவாங்குபவன் முழக்கமும் வேண்டாம், சாட்சியின் தெளிந்த மொழியே போதும் என்று தாம் வேண்டுமென்றே தேர்ந்துகொண்டதாக அவரே பின்னாளில் விளக்கினார். அவர் தீ வைக்கவில்லை, விளக்கு வைத்தார். விளக்கொளியில் குற்றவாளியின் முகம் தெரிகிறது. தீயிலோ, குற்றவாளியோடு சான்றும் சேர்ந்து எரிந்துபோகும்.

இந்த அமைதி அவருடைய இயல்பு என்று எண்ணிவிடலாகாது. முதல் நூலின் முகப்பில் அவர் வைத்த பாட்டைப் பாருங்கள்: மறப்பவர்மீது வீழும் சாபமாக அது முடிகிறது. உள்ளே எரிமலை இருந்தது. வெளியே விட மறுத்தார். அடக்கம் அவருக்குப் பிறவிக்குணம் அன்று, எடுத்த முடிவு. அந்த முடிவிலேதான் அவருடைய கலை இருக்கிறது.

அமைதியாகப் பேசியதால் மன்னித்துவிட்டார் என்று கருதியோரும் உண்டு. ஆஷ்விட்ஸில் கிடந்து மீண்ட ஆஸ்திரிய நாட்டு எழுத்தாளர் ழான் அமெரி, லெவியை மன்னிப்பவர் என்று குறித்தார். மனக்கசப்பையே படைக்கலமாக ஏந்தியவர் அமெரி. லெவி தம் கடைசி நூலில் அதற்கு விடை தந்தார்: வெறுக்கவில்லை என்பது வேறு, மன்னித்தேன் என்பது வேறு, குற்றவாளி சொல்லாலன்றிச் செயலால் திருந்தியதைக் காட்டாதவரை மன்னிப்பில்லை என்பதே அவர் நிலை. வெறுப்பின்றி, ஆனால் விட்டுக்கொடாமல்! கடினமான வழி இது. பொதுவாழ்வில் ஈடுபடும் இளைஞர் ஒவ்வொருவரும் எண்ணிப் பார்க்கவேண்டிய வழி.

அறிவியல் கொன்றதா?

பகுத்தறிவு பேசுவோரை மடக்க ஒரு கேள்வி கேட்பர் பழமைவாதிகள். "ஆஷ்விட்ஸைக் கட்டியது எது? உங்கள் அறிவியல்தானே? காலந்தவறாத தொடர்வண்டி, கணக்குத் தவறாத பதிவேடு, பூச்சியைக் கொல்லச் செய்த நச்சுப்பொருளால் மனிதரைக் கொன்ற வேதியியல், இவைதாமே?" என்பர். கேள்வியை ஒதுக்கிவிட்டு ஓடலாகாது. லெவி ஓடவில்லை.

முகாமில் வேதியியல் தெரிந்தோர்க்கு ஒரு தேர்வு நடந்தது. பான்விட்ஸ் என்ற ஜெர்மானிய வேதியியலாளர் மேசைக்குப் பின்னே அமர்ந்திருந்தார். பசித்து, நாறி, கந்தலணிந்து முன்னே நின்றார் லெவி. கேள்விகள் வேதியியல்பற்றியவையே. இருவரும் கற்ற கலை ஒன்றே. படித்த சூத்திரங்கள் ஒன்றே. ஆயினும் பான்விட்ஸ் பார்த்த பார்வை ஒரு மனிதன் மற்றொரு மனிதனைப் பார்க்கும் பார்வையாக இல்லை. கண்ணாடித் தொட்டிக்கு வெளியே நிற்பவன் உள்ளே நீந்தும் உயிரைப் பார்ப்பது போல் இருந்ததென்று எழுதுகிறார் லெவி. திரும்பும் வழியில், அழைத்துச் சென்ற கங்காணிக் கைதி அலெக்ஸ், கையில் ஒட்டிய எண்ணெய்ப் பிசுக்கை லெவியின் தோளில் துடைத்துக்கொண்டான். வெறுப்போடு அன்று, கேலியாகவும் அன்று, கந்தைத் துணியில் துடைப்பது போல. அந்த ஒரு செயலைக் கொண்டே அவனையும், பான்விட்ஸையும், அவர்களைப் போன்ற எண்ணற்றோரையும் தாம் எடைபோடுவதாகக் கூறுகிறார் லெவி. நூல் முழுவதிலும் இதைவிடக் கூர்மையான இடம் இல்லை என்பது நம் கருத்து.

இங்கேதான் அந்தக் கேள்விக்கு விடை இருக்கிறது. பான்விட்ஸிடம் இருந்தது கருவியறிவு. 'எப்படி' என்று மட்டும் கேட்கும் அறிவு. லெவியிடம் இருந்தது பகுத்தறிவு. 'ஏன்' என்றும் 'யாருக்காக' என்றும் கேட்கும் அறிவு. முன்னது பட்டத்தாளோடு வரும், பின்னது வராது. பட்டம் பெற்றவரெல்லாம் பகுத்தறிவாளர் என்று மயங்கும் நம்மில் சிலருக்கு இது நல்ல பாடம்.

'தனிம அட்டவணை' என்ற 1975-ஆம் ஆண்டு நூலில் இதன் தொடர்ச்சி வருகிறது. தொழிற்சாலைக்கு வந்த ஜெர்மானியப் பிசின் சரியாக உலரவில்லை. அதுபற்றி வந்த கடிதத்தில் 'நாஃப்தெனேட்' என்ற வேதிச்சொல் 'நாப்டெனேட்' என்று பிழைபட எழுதப்பட்டிருந்தது. அதே பிழையை மோனோவிட்ஸ் ஆய்வுக்கூடத்தில் கேட்டிருக்கிறார் லெவி! எழுதியவர் அதே மனிதர்தாம். நூலில் அவருக்கு முல்லர் என்று பெயர். கொடியவர் அல்லர், வீரரும் அல்லர், சாம்பல் நிறத்து மனிதர். கடிதங்கள் நடந்தன. முல்லர் தம் நினைவுகளைச் சிறிது மெருகிட்டுச் சொல்கிறார், கொலை நடப்பது தெரியாது என்கிறார், சந்திக்க விரும்புகிறார். சந்திப்புக்கு முன்னரே இறந்துபோகிறார். பழிவாங்கும் கதையாக எழுத வாய்ப்பிருந்தும், ஓர் எழுத்துப் பிழையைக் கொண்டு ஒரு சமுதாயத்தின் மனச்சான்றையே சோதித்துவிடுகிறார் லெவி. கேட்காதிருந்ததும் குற்றமே என்பது இதன் முடிவு.

வேண்டுதலும் வெட்கமும்

1944 அக்டோபர். முகாமில் கூட்டம் பெருகிவிட்டது, குறைக்க வேண்டும். கைதிகள் ஆடையின்றி ஓட, ஒரு நொடிப் பார்வையில் சாவும் வாழ்வும் பிரிக்கப்பட்டன. அன்றிரவு கூன் என்ற முதியவர், தாம் தேர்ந்தெடுக்கப்படாததற்காகக் கடவுளுக்கு நன்றி சொல்லி உரக்க வேண்டுகிறார். அடுத்த படுக்கையில் இருபது வயது கிரேக்க இளைஞன் பெப்போ, விளக்கை வெறித்தபடி கிடக்கிறான். நாளை மறுநாள் நச்சுப்புகைக்குப் போகவேண்டியவன் அவன். தாம் கடவுளாக இருந்தால் அந்த வேண்டுதலைக் காறி உமிழ்ந்திருப்பேன் என்ற கருத்தில் எழுதுகிறார் லெவி. நடுங்காத அந்தக் கை நடுங்கும் இடம் இது ஒன்று. சினம் முதியவர்மீது அன்று. அடுத்தவன் சாவில் தன் பிழைப்புக்கு அருள் காணும் எண்ணத்தின்மீது.

அதே தேர்வின்போது தமக்கும் வேண்டத் தோன்றியதை அவர் மறைக்கவில்லை. ஒரு கணம் தோன்றியது, மறுத்துவிட்டார். ஆட்டம் முடியும் வேளையில், தோற்கும் நேரத்தில், விதியை மாற்றுவது முறையன்று என்று எண்ணினாராம். மேடையில் நாத்திகம் பேசுவது எளிது. கொல்லும் வரிசையில் நின்றுகொண்டு தன் அறிவுக்கு நேர்மையாக நிற்பது அரிது. பின்னாளில் நண்பர் ஒருவர், நீ பிழைத்தது இறைவன் திருவுளம், எழுதுவதற்காகவே காப்பாற்றப்பட்டாய் என்றார். லெவி அதை ஏற்கவில்லை; அஞ்சினார். அப்படியென்றால் மாண்ட நல்லவர்கள்? தம்மினும் சிறந்தோர் மாண்டனர் என்பதை அறிந்தவர் அவர்.

மானத்தைக் காத்தவர்களையும் அவர் மறக்கவில்லை. ஸ்டைன்லாஃப் என்ற பழைய படைவீரர், சோப்பு இல்லாத அழுக்கு நீரில் நாள்தோறும் உடல் கழுவுகிறார். எதற்காக? தூய்மைக்காக அன்று. எல்லாம் பறிபோன பின்னும், இணங்க மறுக்கும் உரிமை ஒன்று மிஞ்சுகிறது. அதை இழக்கலாகாது என்பதற்காக. தன்மானத்துக்கு இதைவிட எளிய விளக்கம் நாம் கண்டதில்லை. லொரன்சோ என்ற இத்தாலியக் கொத்தனார் ஆறு மாதம் தம் உணவில் ஒரு பங்கை ஒளித்துக் கொண்டுவந்து கொடுத்தார், கைம்மாறு கேட்கவில்லை. முகாமுக்கு வெளியே மனிதம் இன்னும் இருக்கிறது என்ற நினைவைத் தந்தது அந்தக் கொத்தனாரின் கை.

சாட்சியத்தின் எல்லை

குறையே இல்லையா? உண்டு. பெண்கள் அடைபட்ட பிர்க்கனாவின் துயரம் அவர் ஏடுகளில் மங்கலாகவே தெரிகிறது. கிழக்கு ஐரோப்பிய யூதரின் மொழியும் வாழ்வும் அவருக்கு அயல். அந்தக் குறையை உணர்ந்துதான் 1982-இல் அவர்களைப்பற்றி ஒரு புதினம் எழுதினார். அது கற்றறிந்து எழுதியதாகத் தெரிகிறதேயன்றி, முதல் நூல்போல் உடலிலிருந்து பிறந்ததாகத் தெரியவில்லை.

ஆனால் தம் எல்லையைத் தாமே கோடிட்டுக் காட்டியதுதான் அவர் சிறப்பு. 1986-இல் வந்த 'மூழ்கியவர்களும் மீண்டவர்களும்' என்ற கடைசி நூலில், மீண்டவர்களாகிய நாங்கள் உண்மைச் சாட்சிகள் அல்லோம் என்கிறார். அடிவரை மூழ்கியவர் திரும்பி வரவில்லை; அவர்கள் சார்பில் நாங்கள் பேசுகிறோம், அவ்வளவே என்கிறார். கைதிகளிலேயே சிலர் கொடியவனுக்குக் கைக்கூலியானதையும் மறைக்கவில்லை. நல்லவர் இப்பக்கம், தீயவர் அப்பக்கம் என்று எளிதாகக் கோடு கிழிக்க முடியாத சாம்பல் நிலத்தை அளந்து காட்டினார். ஆனால் அந்த நிலத்தைக் காட்டி, கொன்றவனையும் கொல்லப்பட்டவனையும் ஒன்றாக்க அவர் ஒருபோதும் இசையவில்லை. தன் தரப்பின் குறையையும் சொல்லும் சாட்சியே நம்பத்தக்க சாட்சி. புகழ்மாலை மட்டும் தொடுக்கும் இயக்க வரலாறுகள் நம்மிடையேயும் உண்டு. எழுதுவோர் இதனைக் கருத்தில் கொள்வாராக.

நூற்றுக்கும் மேற்பட்ட பள்ளிகளுக்குச் சென்று பேசினார் லெவி. ஒரு வகுப்பில் ஒரு சிறுவன், முகாமின் வரைபடத்தைப் போடச் சொன்னானாம். போட்டார். காவலனைக் கொன்று, அவன் உடையை மாட்டிக்கொண்டு, மின்சாரத்தைத் துண்டித்துத் தப்பும் வழியைச் சிறுவன் விளக்கினான். அடுத்த முறை இப்படிச் செய்யுங்கள் என்றும் அறிவுரை கூறினான்! சிரிக்கிறோம். ஆனால் லெவி அதில் கண்டது, நடந்ததற்கும் நடந்ததாக எண்ணுவதற்கும் இடையே ஆண்டுதோறும் விரியும் பிளவு. அந்தப் பிளவில்தான் பொய்யன் நுழைகிறான். 1970களின் இறுதியில் பிரான்சு நாட்டுப் பேராசிரியர் ஃபோரிசோன், நச்சுப்புகை அறைகளே இருந்ததில்லை என்று எழுதத் துணிந்தார். உயிரோடிருந்த சாட்சி லெவி, செய்தித்தாளில் எழுந்து விடை சொன்னார். கண்டவர் இருக்கும்போதே இப்படிக் கூறுவோர், கண்டவர் மறைந்த பின் என்னதான் கூறமாட்டார்?

1987 ஏப்ரல் 11-இல், பிறந்து வாழ்ந்த அதே கட்டடத்தின் மாடிப்படிச் சுழலில் விழுந்து மாண்டார் லெவி. தற்கொலை என்று விசாரணை முடிந்தது. தவறி விழுந்திருக்கலாம் என்று ஐயுறுவோரும் உண்டு. ஆஷ்விட்ஸ் கடைசியில் அவரை வென்றுவிட்டது, பகுத்தறிவு தோற்றுவிட்டது என்று அச்சாவிலிருந்து முடிவு கட்ட விரைந்தனர் சிலர். நாம் அதற்கு இசையோம். ஒருவர் எப்படி இறந்தார் என்பது அவர் சொன்ன சாட்சியத்தைப் பொய்யாக்கவும் செய்யாது, மெய்யாக்கவும் செய்யாது. சாட்சியை எடைபோட வேண்டுமானால் சாட்சியத்தைப் படிக்க வேண்டும்.

அவர் கல்லறையில் பெயரும் ஆண்டுகளும் உண்டு. அவற்றோடு 174517 என்ற எண்ணும் உண்டு. பெயரைப் பறித்துக்கொண்டு கொடுத்த எண் அது. அவர் பெயரை மீட்டுக்கொண்டார். எண்ணையும் மறைக்காது விட்டுச் சென்றார். இனி அந்த எண்ணைப் படிக்கவேண்டியவர்கள் நாம். நேரில் கண்டவர்கள் ஒவ்வொருவராக மறைந்துகொண்டிருக்கிறார்கள். பிறப்பைக் காட்டி எவரேனும் எந்த நாட்டிலேனும் ஒரு பட்டியல் எழுதத் தொடங்கும்போது, அது பச்சைகுத்தும் ஊசியாக மாறும்வரை காத்திராமல், காகிதமாக இருக்கும்போதே எழுந்து நின்று "ஏன்?" என்று கேட்கும் இளைஞர் கூட்டம் வேண்டும். படித்தோம், கண் கலங்கினோம் என்பதோடு நிற்பவர், சாட்சியைக் கேட்டவர் ஆகார்.